29ஆம் திகதிக்குப் பிறகு வராதாம்!

கேள்வி: எனக்கு ஒரே மகன், வயது 12. ஃபோர்ட்நைட் என்ற இணைய விளையாட்டு விளையாடுகிறார். இந்த 2025 நவம்பர் மாதம் அதற்குள்ளே 'சிம்ப்சன்ஸ்' கார்ட்டூன் வந்திருக்கிறதாம், 29ஆம் திகதியோடு போய்விடுமாம். அதற்குள் சிம்ப்சன்ஸ் ஸ்கின் (விளையாட்டில் வரும் ஆளுக்குப் போடும் உடுப்பு) வேண்டும் என்று ஒரு கிழமையாகச் சாப்பாடு, படிப்பு எல்லாம் அதே கதைதான். பிறந்தநாளுக்கு அம்மம்மா கொடுத்த 50 டொலர் கையில் இருக்கிறது. "அது என்ரை காசுதானே அம்மா, இப்ப எடுக்காட்டி இனி வரவே வராது" என்கிறார். கணவரோ, "இல்லாத சட்டைக்கு ஆராவது காசு குடுப்பினமா?" என்று கத்துகிறார். வகுப்பில் எல்லாரும் வாங்கிவிட்டார்களாம். இதில் என் பிள்ளையின் நண்பர்கள் தவிர வேறு ஆட்களும் கதைக்கிறார்களோ என்ற பயம் வேறு. என்ன செய்ய?
— பெயர் வேண்டாம், ஸ்காபரோ

பதில்: நான் இந்தப் பக்கத்தை எழுதத் தொடங்கிய காலத்தில் மாமியார், சீதனம், வீட்டுக் கடன், இந்த மூன்றுக்குள்தான் எல்லாக் கடிதங்களும் அடங்கும். இப்போது ஒரு கார்ட்டூன் குடும்பம் துப்பாக்கி விளையாட்டுக்குள் குடிவந்ததால் வீட்டில் சண்டை! உங்கள் கடிதத்தை வாசித்துவிட்டு, தெரியாமல் பதில் எழுதக் கூடாது என்று 14 வயதுப் பேரனைக் கூப்பிட்டுப் பக்கத்தில் இருத்திக்கொண்டேன். அவன் ஒன்றரை மணி நேரம் வகுப்பு எடுத்தான்.

முதலில் ஒன்றைத் தெளிவாக்குகிறேன். மகன் கேட்பது விளையாட்டுக்கான காசு அல்ல. ஃபோர்ட்நைட் இலவசம். நவம்பர் 1 முதல் 29 வரை அதன் வழக்கமான தீவுக்குப் பதிலாக ஸ்பிரிங்ஃபீல்ட் நகரத்தை வைத்திருக்கிறார்கள். சிம்ப்சன் குடும்பத்தின் வீடு இருக்கும் எவர்கிரீன் டெரஸ், ஹோமர் வேலை செய்யும் அணுமின் நிலையம் எல்லாவற்றிலும் ஒரு சதம் கொடுக்காமல் ஓடித் திரியலாம். காசு கேட்பது உடுப்புக்குத்தான். அதைப் போட்டுக்கொண்டதால் அதிகமாகச் சுடவும் முடியாது, வேகமாக ஓடவும் முடியாது. தோற்றம் மட்டும் மாறும். மகனிடம் "நீர் கேட்பது பாஸில் வருவதா, விளையாட்டுக்குள் இருக்கும் கடையில் வருவதா?" என்று கேளுங்கள். இரண்டும் வேறு. பாஸ் என்றால் ஒரு தரம் காசு கட்டிவிட்டு, விளையாடி விளையாடி ஒவ்வொன்றாகத் திறக்க வேண்டும். மாதக் கடைசியில் வாங்கினால் திறக்க நேரம் போதாமல் போகலாம். கடையில் இருப்பதை வாங்கியவுடன் போட்டுக்கொள்ளலாம். நீங்கள் இப்படிக் கேட்டாலே, அம்மாவுக்கும் ஏதோ தெரிகிறது என்று அவருக்கு விளங்கும்.

உங்கள் கணவரின் "இல்லாத சட்டை" கதைக்கு வருகிறேன். அவர் சொல்வதில் பாதி சரி. படம் பார்க்கக் கொடுக்கும் காசுக்கும் வீட்டுக்கு எதுவும் வருவதில்லை, மகிழ்ச்சியாகத் திரும்பி வருகிறோம். ஆகவே "கையில் பிடிக்க முடியாது" என்பதற்காக மட்டும் அது வீண் செலவாகிவிடாது. ஆனால் அந்த உடுப்பு மகனுக்குச் சொந்தமாவதில்லை. பயன்படுத்தும் அனுமதிதான் கிடைக்கிறது. தம்பிக்குக் கொடுக்க முடியாது, யாருக்கும் விற்க முடியாது. ஒருநாள் கணக்கு போனால் அதுவும் போகும். இதைக் கணவரே மகனுக்கு விளங்கப்படுத்தட்டும், கத்தாமல்.

இனி "வரவே வராது" என்ற பேச்சு. எனக்குக் கோபம் வந்த இடம் இதுதான்.

நல்லூர்த் திருவிழா 25 நாள். கோயில் வீதியில் கடை பரப்பியிருக்கிறவர் "தேர் முடிஞ்சா நாங்கள் போயிடுவம் அக்கா" என்று சொன்னால் உண்மையிலேயே போய்விடுவார். ஆனால் தேர், தீர்த்தம் எல்லாம் முடிந்து சாமானைக் கட்டும் நேரத்தில் போய் நின்றால் விலையைக் குறைத்துத் தந்துவிட்டும் போவார். ஃபோர்ட்நைட் கடையில் நடப்பது நேர் எதிர். திகதி நெருங்க நெருங்க விலை குறைவதில்லை, பிள்ளையின் பதற்றம்தான் கூடுகிறது. அந்தப் பதற்றத்தை வைத்துத்தான் வியாபாரம்.

இதை நான் மட்டும் சொல்லவில்லை. 2024 மே மாதத்தில் நெதர்லாந்தின் நுகர்வோர், சந்தை ஆணையம் ஃபோர்ட்நைட்டை நடத்தும் எபிக் கேம்ஸ் நிறுவனத்துக்கு 11,25,000 யூரோ அபராதம் போட்டது. கடையில் பொருளோடு ஓடிக்கொண்டிருந்த கவுண்ட்டவுன் கடிகாரம் அதற்குச் சொன்ன காரணங்களில் ஒன்று. மணி முடிந்தால் பொருள் போய்விடும் என்று பிள்ளைகள் நம்பினார்கள், ஆனால் முடிந்த பிறகும் சில பொருட்கள் கடையிலேயே இருந்தன. "இப்பவே எடு" என்ற தோரணையில் பிள்ளைகளை வாங்கத் தூண்டியது இன்னொரு காரணம். அதற்குப் பிறகு அந்த நாட்டில் 18 வயதுக்குக் குறைந்தவர்களுக்கு, கடையில் 48 மணி நேரத்துக்கு மேல் இருக்கும் பொருட்களை மட்டும் காட்டத் தொடங்கினார்கள்.

அமெரிக்காவில் தொகை இன்னும் பெரியது. 2022 டிசம்பரில் கூட்டாட்சி வர்த்தக ஆணையத்தோடு எபிக் 52 கோடி டொலருக்கு உடன்பட்டது. அதில் 27.5 கோடி, பிள்ளைகளின் தனிப்பட்ட தகவல்களைப் பெற்றோரிடம் கேட்காமல் சேகரித்ததற்கு. மிச்சம் 24.5 கோடி, குழப்பமான பொத்தான்களால் தெரியாமல் வாங்க வைக்கப்பட்ட ஆட்களுக்குத் திருப்பிக் கொடுக்க. 2024 டிசம்பரில் முதல் தவணையாக 6,29,344 பேருக்குக் காசு போனது. இது அமெரிக்காவில் விளையாடியவர்களுக்கு, நமக்கில்லை. ஆனால் "என்ரை பிள்ளைக்கு மட்டும்தான் பிடிவாதமோ" என்று நீங்கள் படுத்திருந்து யோசிக்க வேண்டாம் என்பதற்காகச் சொல்கிறேன்.

வராது என்பது உண்மையா? 2019 ஜூலையில் 'ஸ்ட்ரேஞ்சர் திங்ஸ்' தொடரின் மூன்றாம் பருவம் வந்தபோது இதே ஃபோர்ட்நைட்டில் மெகா மால் என்ற இடத்தில் மர்ம வாசல்கள் முளைத்தன. பொலிஸ் தலைவர் ஹொப்பரும் டெமோகோர்கன் என்ற அந்த வாய் பிளந்த பூதமும் ஸ்கின்னாக வந்தார்கள். அந்த வருடத்தோடு காணாமல் போனார்கள். அப்போது அழுத பிள்ளைகள் எத்தனையோ! 2023இல் இரண்டு பேரும் திரும்பி வந்தார்கள், லெவன் என்ற அந்தச் சிறுமியையும் கூட்டிக்கொண்டு. பாஸில் வரும் பொருட்கள் ஒருகாலமும் திரும்பி வராது என்பதுதான் முன்பு விதி. 2024இல் அதையும் மாற்றிவிட்டார்கள். அந்த வருடம் மார்வல் படக்கதை வீரர்களோடு தொடங்கிய விளையாட்டுப் பருவத்திலிருந்து, பாஸ் பொருட்களும் 18 மாதம் கழிந்த பிறகு கடைக்கு வரலாம் என்று அறிவித்தார்கள். கட்டாயம் வரும் என்றில்லை, வரலாம்.

சிம்ப்சன்ஸுக்கு இன்னொன்றும் உண்டு. அந்தத் தொடர் இப்போது டிஸ்னியின் சொத்து. டிஸ்னி 2024 பெப்ரவரியில் எபிக் நிறுவனத்தில் 150 கோடி டொலர் முதல் போடுவதாக அறிவித்தது. இவ்வளவு காசைப் போட்டவர்கள் ஹோமரை 29 நாளோடு மூட்டை கட்டி அனுப்பிவிடுவார்கள் என்று எனக்குத் தோன்றவில்லை. இது என் ஊகம்தான். மகனிடம் வாக்குறுதியாகச் சொல்லாதீர்கள். வராவிட்டால் உங்கள் தலைதான் உருளும்.

(துப்பாக்கி விளையாட்டும் தொலைக்காட்சித் தொடரும் சேர்ந்த இன்னொரு கூத்தையும் பேரன் காட்டினான். 'ஸ்குவிட் கேம்' என்ற கொரியத் தொடர் கடனில் மூழ்கிய ஏழைகளைக் காசாசை காட்டிச் சாகடிக்கும் விளையாட்டைப் பற்றியது. இரண்டாம் பருவம் 2024 டிசம்பர் 26இல் வந்தது. எட்டே நாளில், 2025 ஜனவரி 3இல், 'கோல் ஆஃப் டியூட்டி' என்ற துப்பாக்கி விளையாட்டுக்குள் தொடரில் வரும் அந்தப் பெரிய பொம்மை வந்து நின்று "சிவப்பு விளக்கு, பச்சை விளக்கு" ஆடியது. கதையில் எல்லாரையும் ஆட்டிவைக்கும் அந்தக் கறுப்பு முகமூடிக்காரரின் ஸ்கின் வேண்டுமானால் 1,100 பொயின்ட் தனியாகக் கட்ட வேண்டும். ஆடுகிறவர்களே இணையத்தில் திட்டித் தீர்த்தார்களாம். கதையை எழுதியவர்கள்கூட இவ்வளவு பொருத்தமாக யோசித்திருக்க மாட்டார்கள்.)

சரி, 50 டொலர். அம்மம்மா கொடுத்தது அவருக்கு. "பிள்ளையின் காசு" என்று சொல்லிக் கொடுத்துவிட்டு, செலவழிக்கும்போது மட்டும் நம்முடையதாக்குவது அநியாயம். என் கருத்து, ஒன்று வாங்க விடுங்கள், ஒன்றே ஒன்று. ஆனால் கடைசி நாள் பின்னேரம் வேண்டாம். இன்று அவர் எதைக் கேட்கிறாரோ அதைக் கடதாசியில் எழுதி, குளிர்சாதனப் பெட்டியில் ஒட்டுங்கள். ஐந்தாறு நாள் விளையாடட்டும். கடையில் சாமான் மாறிக்கொண்டே இருக்கும், அவர் மனமும் மாறலாம். அப்போதும் அதே பெயரைத்தான் சொல்கிறார் என்றால் சனிக்கிழமை காலையில் பக்கத்தில் இருந்து வாங்கிக் கொடுங்கள். வேறு பெயர் சொன்னால் நீங்கள் ஒன்றும் சொல்ல வேண்டாம், அந்தக் கடதாசியைக் கழற்றி அவர் கையில் கொடுங்கள், போதும்.

வாங்கும்போது கணக்கை அவரையே பார்க்கச் சொல்லுங்கள். அங்கே டொலரில் விலை எழுதியிருக்காது, வி-பக்ஸ் என்ற விளையாட்டுக் காசில்தான். ஸ்கின்கள் பெரும்பாலும் 800, 1,200, 1,500, 2,000 என்று இருக்கும். காசு கொடுத்து வாங்கும் பொதிகளோ 2025இல் 1,000, 2,800, 5,000, 13,500 என்று வந்தன. அப்போது அமெரிக்க விலையில் 1,000 பக்ஸ் 8.99 டொலர். அந்தப் பொதிகளில் 1,500க்கு ஒன்று வேண்டுமென்றால் 1,000 பொதி இரண்டு வாங்க வேண்டியிருந்தது, 500 மிச்சம். அந்த மிச்சம் கணக்கில் கிடந்து "இன்னும் கொஞ்சம் போட்டால் அடுத்ததையும் எடுக்கலாமே" என்று கூப்பிட்டுக்கொண்டே இருக்கும். பஸ் காசுக்குச் சில்லறை தராமல் ரொபி தருகிற கடைக்காரர் நினைவுக்கு வரவில்லையா? இந்தக் கணக்கைப் பென்சிலால் ஒரு தரம் போட்டுப் பார்த்த பிள்ளை, கண்ணாடிச் சட்டத்துக்குள் பளபளக்கும் விலையை அடுத்த முறை வேறு மாதிரிப் பார்க்கும்.

உங்கள் கடன் அட்டையை மட்டும் அந்தக் கணக்கில் பதிந்து வைக்காதீர்கள். வெளிக் கடையில் பரிசு அட்டை வாங்கிப் போடுங்கள், தீர்ந்தால் தீர்ந்தது. எபிக் கணக்கில் பெற்றோர் கட்டுப்பாடு என்று இருக்கிறது. ஆறு இலக்க இரகசிய எண்ணைப் போட்டால் ஒவ்வொரு வாங்கலுக்கும் உங்களைக் கேட்கும். பிளேஸ்டேஷன், எக்ஸ்பொக்ஸ் என்றால் அந்தப் பெட்டியின் அமைப்புகளிலும் தனியாகப் பூட்ட வேண்டும். ஒன்றைப் பூட்டினால் மற்றதும் பூட்டுமென்று நினைக்க வேண்டாம். காசு கொடுக்க மாட்டோம் என்று ஒரேயடியாக மறுத்தால் பிள்ளைகள் போகும் இடம் ஒன்று உண்டு. "இலவச வி-பக்ஸ்" என்று சொல்லிக் கடவுச்சொல் கேட்கும் இணையப் பக்கங்கள். அப்படி ஒன்று கிடையவே கிடையாது, கணக்கைத் திருடத்தான். இதை இன்றே சொல்லிவிடுங்கள்.

வகுப்பில் எல்லாரும் வாங்கிவிட்டார்கள் என்பதை நம்பவும் வேண்டாம், சிரிக்கவும் வேண்டாம். இங்கிலாந்தின் சிறுவர் ஆணையர் 2019இல் பிள்ளைகளிடமே பேசி ஓர் அறிக்கை வெளியிட்டார். ஸ்கின் வாங்காமல், கொடுத்த உருவத்தோடு வருகிற பிள்ளையை "டிஃபோல்ட்" என்று நக்கலடிப்பதும், அந்தப் பிள்ளைக்கு ஏழை என்ற பெயர் விழுவதும் அதில் இருக்கிறது. நம் காலத்தில் செருப்பு அறுந்தால் நடந்தது, இப்போது திரையில் நடக்கிறது. ஆகவே "உமக்கு எதுக்கு இது?" என்று கேட்காதீர்கள். "இல்லாட்டி என்ன சொல்லுகினம்?" என்று கேளுங்கள். வருகிற பதில் உடுப்பைப் பற்றியதாக இருக்காது.

கணவருக்கும் ஒரு வேலை இருக்கிறது. உங்கள் மகன் சிம்ப்சன்ஸை ஒரு தரமாவது பார்த்திருக்கிறாரா? என் பேரன் பார்த்ததில்லை, ஸ்கின் மட்டும் வேண்டுமாம்! 1989 டிசம்பரில் தொடங்கிய தொடர் அது. அதில் அபு என்று ஒரு கடைக்காரர். அமெரிக்கத் தொலைக்காட்சியில் நம்மைப் போன்ற நிறத்தில் வாராவாரம் வந்தவர் ஏறக்குறைய அவர் ஒருவர்தான். தொண்ணூறுகளில் ரொறன்ரோவில் படித்த நம் பிள்ளைகள் பலருக்கு அவருடைய அந்த உச்சரிப்புத்தான் பள்ளிக்கூடத்தில் பட்டப்பெயரானது. குரல் கொடுத்த ஹேங்க் அசாரியா 2020இல் அந்த வேடத்தை விட்டுவிட்டார். உங்கள் கணவர் இங்கே படித்தவர் என்றால் அவருக்கும் ஒரு கதை இருக்கும். இரண்டு பேரும் சோபாவில் இருந்து ஒரு பாகம் பார்க்கட்டும். அவர் தன் வகுப்பறையைப் பற்றிச் சொன்னால் மகனும் தன் வகுப்பறையைப் பற்றிச் சொல்லக்கூடும்.

வேறு ஆட்கள் கதைப்பது பற்றிய உங்கள் பயம் நியாயமானது. முன்பு சிறு பிள்ளைகளுக்கும் தெரியாத ஆட்களோடு பேசும் வசதி தானாகவே திறந்திருந்தது என்பதும் அமெரிக்க வழக்கில் சொல்லப்பட்ட குற்றம்தான். அதே பெற்றோர் கட்டுப்பாட்டுப் பக்கத்தில் குரல் அரட்டை, எழுத்து அரட்டை என்று இரண்டு உண்டு. இரண்டையும் நண்பர்களோடு மட்டும் என்று மாற்றுங்கள். பிறகு நண்பர் பட்டியலை மகனோடு இருந்து பாருங்கள். ஒவ்வொரு பெயராக "இது ஆர்?" என்று கேளுங்கள், தெரியாத பெயரை அவர் கையாலேயே நீக்கச் சொல்லுங்கள்.