மகளுக்குக் கோதை என்று பெயர் வைக்கலாமா?

ஒரு வாசகி கேட்டிருக்கிறார்: “பெண் குழந்தை பிறந்து மூன்று வாரம் ஆகிறது. கோதை என்று பெயர் வைக்க எனக்கும் கணவருக்கும் ஆசை. ஆனால் வீட்டில் ஆளுக்கொன்று சொல்கிறார்கள். கோதை என்றால் உடும்பு என்று அகராதியில் இருக்கிறது என்கிறார் மாமனார். கோது என்றால் குற்றம், அந்தச் சத்தமே பெயரில் வேண்டாம் என்கிறார் சித்தப்பா. நாம் வைணவர்கள் இல்லையே, ஆண்டாள் பெயர் நமக்கு எதற்கு என்று அத்தை கேட்கிறார். ஆங்கிலத்தில் எப்படி எழுதுவது என்பதிலும் குழப்பம். இந்தப் பெயருக்கு உண்மையில் என்ன பொருள்?”

தாராளமாக வையுங்கள். பதில் அவ்வளவுதான். ஆனால் மாமனாரும் சித்தப்பாவும் அத்தையும் இதோடு விடமாட்டார்கள் என்பதால் கொஞ்சம் விரிவாகவே சொல்கிறேன்.

கோதை என்றால் மாலை. கோத்தல் என்ற வினையிலிருந்து வந்த சொல். பூக்கடையில் நிற்கும்போது கவனித்திருப்பீர்கள். மல்லிகையை இரண்டிரண்டாக எதிரெதிரே வைத்து, நாரைச் சுற்றி, விரலால் முடிச்சை இறுக்கிக்கொண்டே போவார்கள். அதைத் தொடுப்பது என்கிறோம். அரளியையும் சாமந்தியையும் ஊசியில் குத்தி, நூலில் ஒன்றன்மேல் ஒன்றாக இறக்குவதுதான் கோப்பது. (பேச்சில் ‘கோர்ப்பது’ என்று ஒரு ர் வந்து ஒட்டிக்கொண்டது, கோத்தான், கோத்தாள் என்பதே சரி.) கைகோத்து நடக்கிறோம் என்பதிலும் இதே வினைதான் இருக்கிறது. செய்யுள்களை ஓர் ஒழுங்கில் கோத்தால் கோவை. அரசு அலுவலகத்தில் காகிதங்களை ஓட்டை போட்டு, கயிறு நுழைத்துக் கட்டி வைக்கும் கோப்பும் இந்தக் குடும்பம்தான். உங்கள் மகளின் பெயருக்கு இப்படி ஒரு தூசி படிந்த உறவினரும் உண்டு என்பதைக் கோபிக்காமல் கேட்டுக்கொள்ளுங்கள்.

மாலை எப்படிப் பெண்ணானது என்றால், ஆகுபெயரால். பள்ளியில் அன்மொழித்தொகைக்கு ‘பொற்றொடி வந்தாள்’ என்று ஓர் எடுத்துக்காட்டு படித்திருப்போம், அதுவும் இதே போக்குதான். தொடி நடந்து வரவில்லை, தொடி அணிந்தவள் வந்தாள். அப்படித்தான் மாலை அணிந்தவளும் கோதை ஆனாள். கோதையர் என்றால் பெண்கள் என்றே இலக்கியத்தில் பொருள். பூங்கோதை, மலர்க்கோதை என்று அடைமொழி சேர்த்ததெல்லாம் இதன் தொடர்ச்சி.

இங்கே உங்கள் வீட்டில் யாரும் கேட்காத ஒன்றைச் சொல்ல வேண்டும். சங்க காலத்தில் கோதை ஆண்களின் பெயரும்கூட, அதுவும் அரசர்களின் பெயர். சேர மன்னர்களுக்கு அது குடிப்பெயர் போல வழங்கியது. புறநானூற்றின் 48ஆம் பாட்டில் பொய்கையார் சேரமான் கோக்கோதை மார்பனைப் பாடுகிறார்:

“கோதை மார்பிற் கோதை யானும்
கோதையைப் புணர்ந்தோர் கோதை யானும்
மாக்கழி மலர்ந்த நெய்த லானும்
கள்நா றும்மே கானலந் தொண்டி”

இரண்டே அடியில் நான்கு கோதை. கோதை என்னும் அரசன் மார்பில் கிடக்கும் மாலையாலும், அந்தக் கோதையைத் தழுவிய பெண்களின் மாலையாலும், பெரிய கழியில் பூத்த நெய்தலாலும் தொண்டிப் பட்டினமே தேன் மணக்கிறது என்கிறார். அரசன் பெயரையும் பூமாலையையும் ஒரே நூலில் கோத்துவிட்டார். இந்தப் பெயரைப் பற்றி யார் கேட்டாலும் நான் முதலில் காட்டுவது இந்தப் பாட்டைத்தான். வாய்விட்டுப் படித்துப் பாருங்கள், குழந்தையைத் தொட்டிலில் ஆட்டிக்கொண்டே சொல்லலாம் போலிருக்கும்.

பாட்டோடு நிற்கவில்லை. மாக்கோதை, குட்டுவன் கோதை என்று தமிழ்ப் பிராமி எழுத்தில் பொறித்த சேரர் வெள்ளிக் காசுகள் கிடைத்திருக்கின்றன. அரசன் முகமும் அதைச் சுற்றிப் பெயரும் இருக்கும். பிற்காலச் சேரரிலும் கோதை ரவி என்று ஓர் அரசன் உண்டு.

அத்தையின் கேள்விக்கும் இதிலேயே பதில் இருக்கிறது. அறுபத்து மூன்று நாயன்மார்களில் ஒருவரும் சுந்தரரின் உயிர்த்தோழருமான சேரமான் பெருமாள் நாயனாரின் இயற்பெயரே பெருமாக்கோதையார். சுந்தரர் பாடிய திருவஞ்சைக்களம் இருக்கும் ஊருக்கு மகோதை என்று பெயர். ஆக, சைவத்திலும் கோதை இருக்கிறது. வைணவர்கள் அந்தச் சொல்லுக்கு ஒரு சிம்மாசனம் போட்டார்கள், அவ்வளவுதான். சொல் அதற்குப் பல நூற்றாண்டு முன்பிருந்தே ஊரில் உலவிக்கொண்டிருந்தது.

சரி, அந்தச் சிம்மாசனத்துக்கு வருவோம். ஸ்ரீவில்லிபுத்தூரில் துளசித் தோட்டத்தில் கண்டெடுத்த குழந்தைக்குப் பெரியாழ்வார் வைத்த பெயர் கோதை என்பது மரபு. பெருமாளுக்குப் பூமாலை கட்டுவது அவர் தொண்டு. வீட்டில் எந்நேரமும் பூவும் நாருமாக இருந்திருக்கும். அப்படிப்பட்டவர் கைக்குழந்தையைப் பார்த்து ‘மாலை’ என்று கூப்பிட்டதில் ஆச்சரியம் இல்லை. அந்தப் பெண் வளர்ந்து, சாமிக்கு வைத்திருந்த மாலையைத் தான் சூடிப் பார்த்துவிட்டுக் கொடுத்த கதை எல்லோருக்கும் தெரியும். கவனிக்க வேண்டியது வேறொன்று. திருப்பாவை 30, நாச்சியார் திருமொழி 143 என்று அவர் பாடிய 173 பாசுரங்களில் ஆண்டாள் என்ற பெயர் வரவே இல்லை. அது பின்னால் வந்த பட்டம். அவர் தம் பாட்டில் போட்ட கையெழுத்து கோதை.

அந்தக் கையெழுத்தைக் கிட்டத்தில் வைத்துப் பாருங்கள். திருப்பாவையின் கடைசிப் பாசுரத்தில், “பைங்கமலத் தண்தெரியல் பட்டர்பிரான் கோதை சொன்ன சங்கத் தமிழ்மாலை முப்பதும்” என்கிறார். தெரியல் என்றாலும் மாலைதான். தாமரை மாலை அணிந்த தந்தை, மாலை என்று பெயர் கொண்ட மகள், அவள் சொன்ன பாட்டும் மாலை. ஒரே மூச்சில் மூன்று மாலை! வாரணமாயிரத்தின் முடிவிலும் “கோதைசொல் தூய தமிழ்மாலை ஈரைந்தும்” என்று அதே விளையாட்டு. தன் பெயரின் பொருள் அவருக்கு நன்றாகத் தெரிந்திருக்கிறது, அதை வைத்து விளையாடவும் பிடித்திருக்கிறது. தம் பாட்டில் தம் பெயரை இப்படிப் பதித்துவைத்த ஒரு பெண், எட்டாம் ஒன்பதாம் நூற்றாண்டுகளை ஒட்டி. இதைவிடப் பெரிய சிபாரிசு ஒரு பெயருக்கு எங்கே கிடைக்கும்?

வடமொழிக்குப் போனபோது கோதை கோதா ஆனாள். கோ என்றால் சொல், தா என்றால் தருபவள், ஆகவே நல்ல வாக்கைத் தருபவள் என்று அங்கே பொருள் விரித்தார்கள். அழகான விளக்கம், ஆனால் தமிழ்ப் பெயர் போய்ச் சேர்ந்த பிறகு தைத்துக் கொடுத்த சட்டை அது. வேதாந்த தேசிகர் கோதா ஸ்துதியில் இன்னும் ஒரு படி மேலே போகிறார். கோதா என்பது கோதாவரி ஆற்றுக்கும் பெயர் அல்லவா? உடனே சோணை, துங்கபத்திரை, சரஸ்வதி, விரஜை என்று நதிகளாக அடுக்கி, ‘கோதாவாக இருந்தும் உன் நாயகனுக்கு நீ நர்மதா’ என்று முடிக்கிறார். நர்மதா என்றால் இன்பம் தருபவள். தெலுங்கில் கிருஷ்ணதேவராயர் எழுதிய ஆமுக்தமால்யதாவும் இவள் கதைதான். சூடிய மாலையைக் கொடுத்தவள் என்பதே அந்தத் தலைப்பின் பொருள். ஆந்திரத்துக் குடும்பங்களில் இன்றும் கோதாதேவி என்று பெயர் வைப்பது அந்த வழியில் வந்தது.

இப்போது மாமனாரின் உடும்பு. அவர் பொய் சொல்லவில்லை. அகராதியில் கோதை என்பதற்கு உடும்பு என்றும், வில்லாளிகள் நாண் உரசாமலிருக்க முன்கையில் கட்டும் தோல் காப்பு என்றும் பொருள் இருக்கிறது. ஆனால் அது வேறு சொல். உடும்பைக் குறிக்கும் வடசொல்லில் வருவது மூச்சோடு சொல்லும் அழுத்தமான ‘த’. ஆண்டாளைக் குறிக்கும் கோதாவில் வருவது மெல்லிய ‘த’. அங்கே இரண்டும் தனித்தனி எழுத்து. தமிழில் நமக்கு ஒரே த என்பதால் உடும்பும் மாலையும் ஒரே பக்கத்தில் வந்து படுத்துக்கொண்டன. ஓசை ஒன்றாக இருப்பதால் பொருளும் தொற்றிக்கொள்ளும் என்றால், மதி என்று பெயர் வைத்தவர்கள் நிலாவா அறிவா என்று தினமும் சண்டை போட வேண்டியிருக்கும்.

சித்தப்பாவின் ‘கோது’ இன்னும் பலவீனம். கோது என்றால் சக்கை, குற்றம் என்பது சரிதான். ‘கோதிலா’ என்று பாட்டில் வருவது குற்றமில்லாத என்ற பொருளில்தான். ஆனால் கோதைக்கும் அதற்கும் உறவு கிடையாது. முதல் இரண்டு எழுத்தை வைத்துப் பயப்படுவதென்றால் சமையலறையில் இருக்கும் கோதுமையையும் வெளியே எடுத்து வைக்கச் சொல்லுங்கள். ஒலி ஒற்றுமைதான் வேண்டும் என்றால் இன்னொரு கோதுதல் இருக்கிறது: பறவை அலகால் இறகை நீவுவதும், அம்மா விரலால் குழந்தையின் முடியை நீவுவதும். சித்தப்பாவுக்கு அதைச் சொல்லிப் பாருங்கள்.

உங்கள் வீட்டில் யாருக்கும் தோன்றாத ஒரு தொல்லை உண்டு. பள்ளியில் எதுகை தேடும் பிள்ளைகளுக்குக் கோதைக்கு முதலில் கிடைப்பது ‘போதை’தான். யாரோ ஒருவன் ஒருநாள் பாடத்தான் போகிறான். எந்தப் பெயரும் இதிலிருந்து தப்பியதில்லை என்பதால் இதற்காக நான் பின்வாங்கமாட்டேன். ஆனால் முன்கூட்டியே தெரிந்திருப்பது நல்லது. அதேபோல், செல்லமாகக் ‘கோதா’ என்று கூப்பிட ஆரம்பித்தால், ‘கோதாவில் இறங்கிட்டாளா?’ என்று ஒரு மாமா கண்டிப்பாகக் கேட்பார். மல்யுத்தக் களத்தைச் சொல்லும் அந்தக் கோதாவுக்கும் இதற்கும் சம்பந்தமில்லை. அந்த நகைச்சுவையைப் பதினெட்டு வருஷம் கேட்கத் தயாராக இருந்தால் கூப்பிடுங்கள்.

கோதைநாயகி, பூங்கோதை என்று நீட்டலாமா என்றால், அது உங்கள் காதைப் பொறுத்தது. கோதைநாயகிக்கு ஒரு கம்பீரம் இருக்கிறது. ‘ஜகன்மோகினி’ பத்திரிகையை நடத்தி, நாவல் மேல் நாவலாக எழுதி, விடுதலைப் போராட்டத்தில் சிறையும் சென்ற வை.மு. கோதைநாயகி அம்மாளின் பெயர் அது. 1901இல் பிறந்து 1960இல் மறைந்தார். பூங்கோதை மென்மையான பெயர். என்னைக் கேட்டால் தனிக் கோதையே போதும். இரண்டே எழுத்து, சுருக்க முடியாது, சிதைக்கவும் முடியாது.

கடைசியாக ஆங்கில எழுத்து. இதில்தான் நீங்கள் உண்மையிலேயே கவனமாக இருக்க வேண்டும். கே, ஓ, டி, ஏ, ஐ (Kodai) என்று எழுதினால் கொடைக்கானலின் முதல் பாதி வந்துவிடும். பார்ப்பவர்கள் கோடை என்றோ கொடை என்றோதான் படிப்பார்கள். கே, ஓ, டீ, ஹெச், ஏ, ஐ (Kothai) என்பது நம் ஊரில் பரவலாக இருக்கும் வழக்கம், தவறில்லை. ஆனால் கோத்தை, கொத்தை என்று அழுத்திப் படிக்க அது இடம் கொடுக்கிறது. நான் பரிந்துரைப்பது டீக்குப் பதிலாக டி போட்டு கே, ஓ, டி, ஹெச், ஏ, ஐ (Kodhai). தமிழ் தெரியாதவர்கூட அதைப் பார்த்து ஏறக்குறைய சரியாகச் சொல்லிவிடுவார். ஜி-யில் தொடங்குவது வேண்டாம், அது கோதாவின் வழி.

எது எழுதினாலும் பிறப்புச் சான்றிதழில் முதல் தடவையே சரியாக இருக்கட்டும். 2023 அக்டோபர் 1 முதல் பிறந்த குழந்தைகளுக்குப் பள்ளிச் சேர்க்கை, ஆதார், பாஸ்போர்ட் எல்லாவற்றுக்கும் அந்தச் சான்றிதழே அடிப்படை. மூன்று வாரம் ஆகிவிட்டதே என்று பதற வேண்டாம். 21 நாளுக்குள் தெரிவிக்க வேண்டியது பிறப்பைத்தான், மருத்துவமனையில் பிறந்திருந்தால் அதை அவர்களே செய்துவிடுவார்கள். பிறப்பைப் பதிவு செய்த நாளிலிருந்து 12 மாதம் வரை பெயரைக் கட்டணமில்லாமல் சேர்க்கலாம், அப்புறமும் 15 வருடம் வரை தாமதக் கட்டணத்தோடு சேர்க்கலாம். படிவத்தில் ஆங்கிலப் பெயரைப் பெரிய எழுத்தில், எழுத்துக்கு எழுத்து இடம் விட்டு எழுதுங்கள். தமிழில் ‘தை’யின் கொக்கி தெளிவாக விழட்டும், அவசரத்தில் எழுதினால் தட்டச்சு செய்பவர் கண்ணுக்கு அது ‘டை’ ஆகிவிடும். சான்றிதழை வாங்கியதும் கவுன்ட்டரை விட்டு நகராமல், ஒருமுறை உரக்கப் படித்துப் பாருங்கள்.