டேப் ஒட்டிய பட்டன்

நண்பரே, தகட்டை அழுத்தி வெட்டும் பவர் பிரஸ்ஸில், கை உள்ளே மாட்டாமலிருக்க இரண்டு கையாலும் அழுத்த வேண்டிய பட்டன்களில் ஒன்றை டேப் போட்டு அழுத்தி வைத்திருக்கிறார்கள், கேட்டால் "மூணு வருஷமா இப்படித்தான் ஓடுது" என்கிறார்கள் என்று எழுதியிருந்தீர்கள். அந்த மூன்று வருஷம்தான் பிரச்சினையே. ஒன்றும் ஆகாத ஒவ்வொரு ஷிப்டும் அவர்களுக்கு ஒரு சான்றிதழ்.

நாசாவின் சேலஞ்சர் விண்கலத்திலும் இதே கதைதான். பூஸ்டர் ராக்கெட்டில் சூடான வாயு கசியாமல் அடைக்கும் ரப்பர் வளையம் அரித்திருப்பதை 1981-லேயே, அதற்கு முந்தைய கொலம்பியா விண்கலம் பறந்தபோது பார்த்தார்கள். அரிக்கவே கூடாத வளையம். ஆனால் விண்கலம் பத்திரமாகத் திரும்பிவிட்டதே! போகப்போக "இவ்வளவு அரிப்பு பரவாயில்லை" என்றானது. 1986 ஜனவரி 28, ரப்பர் விறைத்துப்போகும் கடுங்குளிர். முந்தின இரவு பொறியாளர்கள் வேண்டாம் என்று சொல்லியும் ஏவினார்கள். 73 விநாடியில் சேலஞ்சர் சிதறியது, உள்ளே இருந்த ஏழு பேரும் போனார்கள்.

சரி, உங்கள் விஷயம். டேப் ஏன் வந்தது என்று பாருங்கள். பெரும்பாலும் பீஸ் கணக்குதான் காரணமாக இருக்கும். டார்கெட்டைக் குறைக்காமல் டேப்பை மட்டும் பிய்த்தால் மறுநாளே திரும்ப ஒட்டுவார்கள் (எங்கள் ஷெட்டில் ஒரு ரூபாய்க் காசைச் சொருகினார்கள்). மேனேஜரிடம் எழுத்தில் கொடுத்து நகல் வைத்துக்கொள்ளுங்கள். அசையவில்லையா, தமிழ்நாடு என்றால் தொழிலகப் பாதுகாப்பு மற்றும் சுகாதார இயக்ககத்துக்குப் புகார் அனுப்பலாம். அதுவரை அந்த மெஷினில் உட்காராதீர்கள்.