"நீயே பேசி முடித்துவிடு": அண்ணனின் வாட்ஸ்அப் செய்தி போதுமா?

கேள்வி: மெல்பர்னில் இருக்கும் என் அண்ணன், வீட்டைப் புதுப்பிக்க 80,000 ரிங்கிட் வாங்கிக்கொண்டு வேலையைப் பாதியில் விட்டுச்சென்ற குத்தகையாளர் மீது பட்டர்வொர்த் மாஜிஸ்திரேட் நீதிமன்றத்தில் வழக்குப் போட்டிருக்கிறார். 45,000 ரிங்கிட்டைத் தவணையில் தருவதாக எதிர்த்தரப்பு சொல்கிறது. "நீயே பேசி முடித்துவிடு தம்பி" என்று அண்ணன் வாட்ஸ்அப்பில் எழுதிவிட்டார். நான் கையெழுத்துப் போடலாமா?
- வாசகர், பிறை

பதில்: தம்பி, இப்போது போடாதீர்கள்.

அண்ணன் உங்களை நம்புகிறார், அது நல்லது. ஆனால் நாளை அவரே "இவ்வளவு குறைக்கச் சொல்லவில்லையே" என்றால் அந்த ஒரு வரி உங்களைக் காப்பாற்றாது. என் அலுவலகத்தில் ஓர் அக்கா அழுதது இன்னும் நினைவில் இருக்கிறது. அவருக்காகத் தம்பி கையெழுத்திட்டார். பணம் வந்தது, உறவு போனது.

அண்ணன் மெல்பர்னில் நோட்டரி பப்ளிக் அல்லது மலேசியத் தூதரக அதிகாரி முன் பவர் ஆஃப் அட்டர்னியில், அதாவது அவருக்காக நீங்கள் செயல்பட அதிகாரம் தரும் பத்திரத்தில், கையெழுத்திட வேண்டும். அதன் நகலை இங்கே உயர் நீதிமன்றப் பதிவகத்தில் ஒப்படைக்க வேண்டும். வழக்கு பட்டர்வொர்த்தில் நடந்தாலும், பினாங்கில் நீங்கள் போக வேண்டிய இடம் உயர் நீதிமன்றம் இருக்கும் லைட் ஸ்ட்ரீட். ஒப்படைக்காத பத்திரம் 1949-ஆம் ஆண்டு பவர் ஆஃப் அட்டர்னி சட்டப்படி செல்லாது. பத்திரத்தைக் கைப்பையிலேயே வைத்துக்கொண்டு அலைந்தவர்களை நான் நிறையப் பார்த்திருக்கிறேன்.

பத்திரத்தில் "வழக்கைக் கவனித்துக்கொள்ள" என்று மட்டும் இருந்தால் போதாது. சமரசம் செய்யவும், தொகையைக் குறைத்து ஏற்கவும், வழக்கை மீட்டுக்கொள்ளவும் அதிகாரம் உண்டு என்று தெளிவாக எழுதச் சொல்லுங்கள். எவ்வளவு வரை இறங்கலாம் என்பதை மட்டும் அதில் எழுத வேண்டாம். பத்திரத்தை எதிர்த்தரப்பும் பார்க்கும். அந்த எண்ணை உங்களுக்கும் வழக்கறிஞருக்கும் தனிக் கடிதத்தில் அண்ணன் எழுதட்டும்.

பவர் கையில் இருப்பதால் அண்ணனுக்காக நீங்களே நீதிமன்றத்தில் வாதாட முடியாது. அது வழக்கறிஞரின் வேலை.

தவணைப் பேச்சில் நான் அதிகம் அஞ்சுவது, "முதல் தவணை வாங்கியதும் வழக்கை மீட்டுக்கொள்ளுங்கள்" என்ற வார்த்தை. மீண்டும் தாக்கல் செய்ய உரிமையின்றி மீட்டுக்கொண்டால், அவர் இரண்டாம் தவணையில் நின்றுவிட்டாலும் பழைய வழக்கு திரும்பாது. அதைவிட, சமரசத்தை ஒப்புதல் தீர்ப்பாக, அதாவது இரு தரப்பும் சம்மதித்த நீதிமன்றத் தீர்ப்பாக, பதிவு செய்யுங்கள். எந்தத் தேதியில் எவ்வளவு, ஒரு தவணை தவறினாலும் மீதி முழுவதும் உடனே செலுத்த வேண்டும் என்பதெல்லாம் அதில் இருக்கட்டும். வழக்குச் செலவு யாருடையது என்பதையும் விட்டுவிடாதீர்கள்.

ஒப்புதல் தீர்ப்பு பதிவானபின், "குறைவாக வாங்கிவிட்டோமே" என்று திரும்ப முடியாது. ஏமாற்று, தவறான புரிதல் போன்ற வலுவான காரணம் இருந்தால்தான் அதை மாற்றக் கேட்கலாம். எனவே வரைவு வந்ததும் அண்ணனுக்குப் போன் செய்து வரிவரியாகப் படித்துக் காட்டுங்கள். "சம்மதம்" என்று அவர் எழுத்தில் பதில் அனுப்பிய பிறகு பேனாவை எடுங்கள்.