கேமரா வாங்க நகையை அடகு வைக்காதீர்கள்

அம்மா, வணக்கம். பிளஸ் டூ முடித்த மகள் ஒளிப்பதிவாளர் ஆகப்போகிறேன் என்கிறாள், ஒன்றரை லட்சத்துக்குக் கேமரா கேட்கிறாள், நகையை அடகு வைக்கலாமா என்று கேட்டிருக்கிறீர்கள். வைக்காதீர்கள். சினிமாவில் கேமராவும் லென்சும் பெரும்பாலும் வாடகைக்குத்தான் வருகின்றன. இன்று நீங்கள் வாங்கிக் கொடுப்பது அவள் படித்து முடிப்பதற்குள் பழசாகிவிடும்.

இப்போதைக்கு அவள் செல்போனே போதும். அடுப்பங்கரை ஜன்னலோரம் உங்களை உட்காரவைத்து, காலை ஆறரைக்கு ஒன்று, உச்சி வெயிலில் ஒன்று, சாயங்காலம் ஒன்று, இரவு டியூப்லைட்டில் ஒன்று என நான்கு படம் எடுக்கச் சொல்லுங்கள். ஒன்றில் முகம் மெத்தென்றும் இன்னொன்றில் கண்ணுக்குக் கீழே குழி விழுந்தும் தெரிவது ஏன் என்று கேளுங்கள். பதில் தெரியாவிட்டால் பரவாயில்லை. மறுநாள் தானாகவே ஜன்னலில் வெள்ளை வேட்டியைக் கட்டி வெளிச்சத்தை மட்டுப்படுத்திப் பார்க்கிறாளா என்று கவனியுங்கள். பார்த்தால், பிள்ளைக்கு ஆசை கேமரா மேல் இல்லை, வெளிச்சத்தின் மேல்.

படிப்புக்கு முதலில் தரமணியில் உள்ள தமிழ்நாடு அரசு எம்.ஜி.ஆர். திரைப்பட, தொலைக்காட்சிப் பயிற்சி நிறுவனத்தைப் பாருங்கள். ஒளிப்பதிவில் நான்கு வருடப் பட்டப்படிப்பு, அரசுக் கட்டணம். ஒளிப்பதிவாளர் பி.சி. ஸ்ரீராம் படித்த இடம். இடங்கள் குறைவு, கிடைக்காவிட்டால் ஏதாவது ஒரு டிகிரியை முடித்துவிட்டு புனே திரைப்படக் கல்லூரிக்கு நுழைவுத் தேர்வு எழுதலாம். பாலு மகேந்திரா, சந்தோஷ் சிவன் எல்லாம் அங்கே படித்தவர்கள். ஆறு மாதத்தில் கேமராமேன் ஆக்குகிறோம் என்று லட்சங்கள் கேட்கும் இடங்கள் பக்கம் போகவே வேண்டாம்.

நீங்கள் கணக்குப் போட வேண்டியது கட்டணத்தை அல்ல, படிப்புக்குப் பிறகு வரும் வருடங்களை. உதவி ஒளிப்பதிவாளராகச் சேர்ந்தால் ஆரம்பத்தில் பேட்டா என்கிற தினப்படிதான் வருமானம். ஒரு படம் முடிந்து அடுத்த படம் தொடங்கும்வரை அதுவும் இல்லை. கே.வி. ஆனந்த் பத்திரிகைக்குப் படம் எடுத்துக்கொண்டிருந்தவர், பி.சி. ஸ்ரீராமிடம் உதவியாளராகப் பல படங்கள் வேலை பார்த்த பிறகுதான் தனியாக வந்தார். நான்கைந்து வருடம் சென்னை வாடகையையும் சாப்பாட்டையும் வீட்டால் தாங்க முடியுமா? அந்த நகை அப்போது உதவும்.

தாங்க முடியாதென்றால் தொலைக்காட்சி உண்டு. சீரியலில் மாதம் முழுக்க வேலை இருக்கும், கை வேகம் பழகும். ஆனால் எல்லா முகத்திலும் ஒரேபோல் வெளிச்சம் அடிக்கும் பழக்கம் ஒட்டிக்கொள்ளும், அது என் கவலை. ஆவணப்படத்தில் பணம் குறைவு. யூனிட்டே இரண்டு மூன்று பேர்தான், இருக்கிற வெளிச்சத்தில் எடுக்க வேண்டும், மீனவர் வலையை இன்னொரு முறை இழுக்கச் சொல்ல முடியாது. கற்றுக்கொள்ள அதைவிட நல்ல இடம் எனக்குத் தெரியாது.

பெண் பிள்ளையாயிற்றே என்றும் எழுதியிருக்கிறீர்கள். பி.ஆர். விஜயலட்சுமி, ஒளிப்பதிவாளர் அசோக்குமாரிடம் உதவியாளராக இருந்து, 1985-இல் ‘சின்ன வீடு’ படத்துக்குத் தனியாக ஒளிப்பதிவு செய்தார். இன்று ப்ரீத்தா ஜெயராமன் இருக்கிறார். ஆனாலும் இரவு ஷூட்டிங், வெளியூர், நூறு பேர் உள்ள யூனிட்டில் ஒன்றிரண்டு பெண்கள் என்பதெல்லாம் நிஜம். எந்த ஒளிப்பதிவாளரிடம் சேர்கிறாளோ, அவரிடம் ஏற்கெனவே வேலை பார்த்த பெண் உதவியாளர் ஒருவரிடம் நீங்களே நேரில் பேசிவிட்டு அனுப்புங்கள்.

ஜன்னலோரம் எடுத்த அந்த நான்கு படங்களும் தயாரானதும் இருவரும் வாருங்கள். கேள்விகளை அவளிடம்தான் கேட்பேன், நீங்கள் பதில் சொல்லக் கூடாது.