தறிச் சத்தம் இசையாகுமா?

கேள்வி: என் மகன் பொறியியல் படித்தவன். வேலைக்குப் போகாமல், ஒலிப்பதிவுக் கருவியைத் தூக்கிக்கொண்டு மாட்டுத்தாவணி பஸ் நிலையம், எங்கள் தெருத் தறிக்கூடம் என்று அலைகிறான். அந்தச் சத்தங்களைக் கம்ப்யூட்டரில் வெட்டி ஒட்டிவிட்டுச் 'சோதனை இசை' என்கிறான். உறவினர்களிடம் 'வேலை தேடிக்கொண்டிருக்கிறான்' என்று சொல்லிச் சமாளிக்கிறேன். வெளிநாட்டுக்காரர்களைப் பார்த்துச் செய்யும் இந்தக் கூத்தை எப்படி நிறுத்துவது?
– ஒரு தந்தை, செல்லூர், மதுரை

பதில்: நிறுத்த வழி சொல்ல மாட்டேன். நிறுத்த வேண்டியது உங்கள் மகனின் வேலை என்று எனக்குத் தோன்றவில்லை.

இந்த வேலைக்கு வழி திறந்தவர்களில் ஒருவரான பியர் ஷேஃபரும் பொறியாளர்தான், பிரெஞ்சு வானொலியில். 1948-இல் பாரிஸ் ரயில் நிலையம் ஒன்றுக்குப் போய் இன்ஜின்களின் சத்தத்தைப் பதிந்துவந்து, அதிலிருந்து சில நிமிடப் படைப்பொன்றை அமைத்தார். அதே ஆண்டில் அது வானொலியில் ஒலிபரப்பானது. மணியோசையைப் பதிந்து, மணியில் நாக்கு மோதும் தொடக்கத் துணுக்கை மட்டும் நீக்கிப் பார்த்தவரும் அவரே. மிஞ்சிய ஒலி ஊதுகருவியின் ஒலிபோலக் கேட்டது! இன்ன ஒலி என்று காது கண்டுகொள்வதில் தொடக்கத்துக்கு எவ்வளவு பங்கு என்று பாருங்கள். 'வெட்டி ஒட்டுவது' என்று நீங்கள் ஒதுக்கித் தள்ளும் வேலைக்குள் இருப்பது இது.

உங்கள் தெருத் தறிக்கூடத்துக்கே வருகிறேன். பக்கத்துப் பக்கத்தில் இரண்டு தறிகள் ஓடும்போது நின்று கேட்டிருப்பீர்கள். ஒரு சமயம் இரண்டும் சேர்ந்து அடிக்கும். பிறகு ஒன்று மயிரிழை முந்தும், அடி இரட்டிக்கும், இடையில் யாரும் அடிக்காத ஒரு தாளம் முளைக்கும், மறுபடி இரண்டும் ஒன்றாகும். 1965-இல் ஸ்டீவ் ரைக் என்ற அமெரிக்கர், தெருப் பிரசங்கி ஒருவரின் குரலை இரண்டு டேப் ரெக்கார்டர்களில் ஓடவிட்டார். அவை இம்மியளவு வேகம் பிசகியதில் அவர் கேட்டதும் இதே விலகலும் சேர்தலும்தான். அதிலிருந்து ஓர் இசைமுறையையே வளர்த்தார். செல்லூர்க்காரருக்கு நித்தமும் காதில் விழும் சங்கதி. உங்கள் மகன் அதைக் கவனித்தது குற்றமா?

வெளிநாட்டைப் பார்த்துச் செய்கிறான் என்கிறீர்கள். அகமதாபாத் தேசிய வடிவமைப்பு நிறுவனத்தில் 1969-லேயே மோக் சின்தசைசர் என்ற, மின்சாரத்தால் ஒலி உண்டாக்கும் கருவியுடன் மின்னணு இசைக்கூடம் அமைந்தது. அதை அமைத்துத் தந்தவர் டேவிட் டியூடர் என்ற அமெரிக்கர். அங்கே இசை செய்தவர்களில் நம் நாட்டு கீதா சாராபாயும் ஒருவர். அதற்கு வெகு முன்பே, 1946-இல், நியூயார்க்கில் ஜான் கேஜ் என்ற அமெரிக்கச் சோதனை இசையமைப்பாளருக்கு இந்திய இசையைச் சொல்லிக்கொடுத்தவர் அவர். இதில் யாரைப் பார்த்து யார் செய்தார்கள்?

வேலைக்குப் போகவில்லையே, பணத்துக்கு என்ன வழி என்ற உங்கள் பயம் மட்டும் நியாயமானது. ஃபிலிப் கிளாஸ் என்ற அமெரிக்க இசையமைப்பாளரின் ஆபரா, அதாவது இசைநாடகம், 1976-இல் நியூயார்க்கின் மெட்ரோபாலிட்டன் ஆபரா அரங்கில் டிக்கெட் அத்தனையும் விற்று நடந்தது. முடிவில் கடன்தான் நின்றது. அவர் டாக்சி ஓட்டத் திரும்பினார். காந்தியடிகளின் தென்னாப்பிரிக்கப் போராட்டத்தை வைத்து அவர் செய்த ஆபரா அரங்கேறியது 1980-இல். டாக்சியை விட்டபோது அவருக்கு வயது நாற்பதைத் தாண்டியிருந்தது.

உங்கள் மகனும் சோற்றுக்கு ஒரு வழி வைத்துக்கொள்ளத்தான் வேண்டும். படப்பிடிப்பு ஒலிப்பதிவு, நாடகத்துக்கும் நாட்டியத்துக்கும் ஒலியமைப்பு என்று கையோடு செய்யக்கூடிய வேலைகள் உண்டு. புணேயிலும் கொல்கத்தாவிலும் உள்ள அரசுத் திரைப்படக் கல்லூரிகளில் பட்டதாரிகளுக்கு ஒலிப்பதிவுப் படிப்பு இருக்கிறது. அவன் விண்ணப்பிக்கட்டும்.

அவனிடம் நானே இரண்டு கேட்பேன். பதிவுகளைக் குவித்து வைப்பது படைப்பாகாது. பத்து நிமிடமாவது முழுதாக முடித்த ஒன்று இருக்கிறதா? தறிக்காரர்களிடம் அனுமதி கேட்டுத்தான் பதிவு செய்தானா, முடித்ததை அவர்களுக்குப் போட்டுக் காட்டினானா? இரண்டுக்கும் 'ஆமாம்' என்று பதில் வராவிட்டால் கண்டியுங்கள், நானும் உங்கள் பக்கம் நிற்பேன்.

உறவினர்களிடம் 'ஒலிப்பதிவு செய்கிறான், இசை அமைக்கிறான், இன்னும் பெரிய வருமானமில்லை' என்று உள்ளதைச் சொல்லுங்கள். நாளெல்லாம் வேலை செய்கிற பிள்ளையை 'வேலை தேடிக்கொண்டிருக்கிறான்' என்பது பொய். நிறுத்த வேண்டியது அதைத்தான்.