ஓ என்றால் பேரன்

தம்பி, உங்கள் கேள்வியைப் படித்தேன். அயர்லாந்தில் இந்தக் காசில்பார் ஊருக்கு வந்து நாலு மாதம் ஆகிறது. வார்டில் கூட வேலை பார்க்கும் ஓமாலி வீட்டுப் பெண்மணி, கோடையில் நடக்கும் தங்கள் குலக் கூடலுக்கு உங்களைக் கூப்பிட்டிருக்கிறார். "இது இவர்களுடைய சாதிச் சங்கமா, வெளியாள் நான் போகலாமா, போனால் என்ன பேசுவது" என்று கேட்டிருக்கிறீர்கள்.

கண்டிப்பாகப் போங்கள். நான் இந்த மேயோ மாவட்டத்துக்கு வந்து 18 வருடம் ஆகிறது. இந்த ஊர் மனிதர்களை நான் அறிந்துகொண்டதில் பாதி, அவர்கள் தங்கள் தாத்தா பாட்டியைத் தேடும்போது பக்கத்தில் உட்கார்ந்திருந்ததால் கிடைத்தது.

முதலில் சாதி சந்தேகம். அப்படி இல்லை. மேல் கீழ் கிடையாது, யார் யாரைக் கட்டலாம் என்ற விதி கிடையாது. குலத்துக்கு இவர்கள் சொல்லும் 'கிளான்' என்பதே ஐரிஷ் மொழிச் சொல். இன்றைக்கும் அந்த மொழியில் அதற்குப் 'பிள்ளைகள்' என்றுதான் பொருள். அந்தப் பெயரோடு இருப்பவர்கள், பாட்டி வழியில் அந்த ரத்தம் இருப்பவர்கள், அமெரிக்காவிலும் ஆஸ்திரேலியாவிலும் பிறந்து அந்தப் பெயரை மட்டும் சுமந்து வருகிறவர்கள் எல்லாரும் கூடும் இடம் அது.

பெயர் விஷயம் நமக்கு லேசாகப் புரியும். இங்கே குடும்பப் பெயருக்கு முன்னால் வரும் 'மாக்' என்றால் மகன். 'ஓ' என்றால் பேரன். ஆயிரம் வருடத்துக்கு முன்பு இங்கேயும் நம்மைப் போலத்தான், தலைமுறைக்குத் தலைமுறை அப்பா பெயர் மாறிக்கொண்டே வந்தது. 10, 11-ஆம் நூற்றாண்டுகளில் யாரோ ஒரு பாட்டன் பெயரோடு அது நின்றுபோய்க் குடும்பப் பெயராகிவிட்டது. ஓபிரையன்கள் 1014-இல் கிளான்டார்ஃப் போரில் இறந்த பிரையன் போரு அரசனின் வழியினர். இன்னொன்று: மூத்த மகனுக்கு அப்பாவைப் பெற்ற தாத்தாவின் பெயரை வைப்பது இங்கே பழைய வழக்கம். நம் ஊரில் பாட்டன் பேரைச் சுமப்பதால்தான் பேரன் என்று பெரியவர்கள் சொல்வார்கள் இல்லையா? இதை ஒரு தடவை மதியச் சாப்பாட்டு நேரத்தில் சொன்னேன். மேசையில் இருந்த நாலு பேரும் சாப்பாட்டை மறந்து அவரவர் வீட்டுப் பெயர்வரிசையைச் சொல்ல ஆரம்பித்துவிட்டார்கள்.

குலத் தலைவர்கள் நாடாண்ட காலம் 1607-இல் வடக்குப் பிரபுக்கள் ரத்முல்லன் துறையில் கப்பலேறி நாட்டைவிட்டுப் போனதோடு ஏறக்குறைய முடிந்தது. நிலம் போயிற்று, ஆங்கிலேயர் ஆட்சியில் பெயர்களிலிருந்து ஓவும் மாக்கும் உதிர்ந்தன. 1845-இல் தொடங்கிய பஞ்சத்தில் சுமார் 10 லட்சம் பேர் செத்தார்கள், அதற்கும் மேலே கப்பலேறினார்கள். மேயோ அதில் மிக மோசமாக அடிவாங்கிய மாவட்டம். ஆகவே இப்போது இருக்கும் குலச் சங்கங்கள், சிதறிய குடும்பத்தைத் திரும்பக் கோக்கும் முயற்சி. 1989-இல் தொடங்கிய 'கிளான்ஸ் ஆஃப் அயர்லாந்து' என்ற அமைப்பு, சரித்திர ஆதாரம் உள்ள குலங்களின் பதிவேட்டை வைத்திருக்கிறது. உங்கள் தோழியின் ஓமாலி சங்கம் அதற்கும் மூத்தது, 1950-களிலிருந்து கூடுகிறது. தலைவரைத் தேர்ந்தெடுக்கிறார்கள், பெண்களும் தலைவராக இருந்திருக்கிறார்கள். இருக்காதா பின்னே? 16-ஆம் நூற்றாண்டில் இந்தக் கடலை ஆண்ட கிரேஸ் ஓமாலி அவர்கள் வீட்டுப் பெண். 1593-இல் எலிசபெத் ராணியையே நேரில் போய்ப் பார்த்துப் பேசியவள். டிவியில் துணைப் பிரதமரை 'டானிஷ்டா' என்கிறார்களே, அந்தக் காலத்தில் தலைவர் உயிரோடு இருக்கும்போதே தேர்ந்தெடுக்கப்பட்ட அடுத்த வாரிசுக்குப் பெயர் அதுதான்.

ஏன் இவ்வளவு பாடுபட்டுத் தேடுகிறார்கள் என்று நானும் முதலில் நினைத்தேன். 1922 ஜூன் 30, உள்நாட்டுப் போர். டப்ளின் ஃபோர் கோர்ட்ஸ் வளாகத்தில் இருந்த பொது ஆவணக் காப்பகம் வெடித்து எரிந்தது. நூற்றாண்டுக் கணக்கான ஏடுகளோடு 1821 முதல் 1851 வரையிலான நாலு மக்கள்தொகைக் கணக்கெடுப்பும் பெரும்பாலும் சாம்பல். அடுத்த நாலை அரசாங்கமே அதற்கு முன்பு அழித்துவிட்டிருந்தது. முழுசாக மிஞ்சியவற்றில் பழையவை 1901, 1911 கணக்கெடுப்புகள்தான். ஒரு சின்ன மிச்சம் மட்டும் தப்பியது: 1909-இல் 70 வயதானவர்களுக்குப் பென்ஷன் வந்தபோது அவர்களிடம் பிறப்புச் சான்று இல்லை, ஏனென்றால் எல்லாருடைய பிறப்பையும் பதிவது தொடங்கியதே 1864-இல். அதனால் பழைய கணக்கெடுப்பில் தங்கள் பெயர் இருக்கிறதா பார்க்கச் சொல்லி விண்ணப்பித்தார்கள். அந்தத் தேடல் சீட்டுகள் இன்றும் இருக்கின்றன. எரிந்துபோன வீட்டுக்கணக்கில் சில வரிகள் அந்தக் கிழவர்களுடைய பென்ஷன் தாளில் உயிரோடு இருக்கின்றன.

நான் வந்த மூன்றாம் வருடம், பக்கத்து வீட்டுப் பாட்டிக்குக் கண் மங்கல். நூலகத்தில் கூட உட்கார்ந்து படித்துச் சொல்ல என்னை அழைத்தார். 1911 படிவத்தில் அவருடைய தாத்தா வீடு கிடைத்தது. தாத்தா கையெழுத்துப் போடத் தெரியாமல் பெருக்கல் குறி போட்டிருந்தார். மொழிக்கான கட்டத்தில் தாத்தாவுக்கும் அவர் மனைவிக்கும் 'ஐரிஷும் ஆங்கிலமும்' என்று எழுதியிருந்தது; பிள்ளைகளுக்கு அந்தக் கட்டம் காலி. பாட்டி அந்தக் காலிக் கட்டங்களை விரலால் தடவினார். அதற்கு முன்னால் இருந்த கட்டங்களில், உயிரோடு பிறந்த குழந்தைகள் 9, இப்போது இருப்பவர்கள் 6 என்று இருந்தது. பாட்டிக்குத் தெரிந்தது ஆறு பேர்தான். "மூணு பேர் எங்கே?" என்று என்னைக் கேட்டார். இறப்புப் பதிவேட்டில் இரண்டு பேரைத் தேடி எடுத்தோம். ஒரு பையன், எட்டு மாதம், கக்குவான் இருமல். சாகும்போது கூட இருந்தவர் என்று தாத்தா பெயரும், அதே பெருக்கல் குறியும். மூன்றாவது குழந்தை கிடைக்கவே இல்லை. பாட்டி மறுவாரம் மூன்று குழந்தைகளுக்கும் சேர்த்துக் கோயிலில் பூசை வைத்தார். நான் கடைசி பெஞ்சில் நின்றேன்.

உங்கள் தோழி ஏதாவது தேட உதவி கேட்டால், இதைச் சொல்லுங்கள். கணக்கெடுப்புப் படிவங்கள் தேசிய ஆவணக் காப்பகத்தின் தளத்தில் இலவசம். பழைய பிறப்பு, திருமண, இறப்புப் பதிவுகளை அரசாங்கத்தின் வம்சாவளித் தளத்திலும், கத்தோலிக்கப் பங்குப் பதிவேடுகளை டப்ளின் கில்டேர் தெருவில் உள்ள தேசிய நூலகத்தின் தளத்திலும் இலவசமாகப் பார்க்கலாம். அந்த நூலகத்துக்கு நேரில் போனால் வழிகாட்ட ஆளும் உண்டு. மேயோவுக்கென்று இரண்டு குடும்ப வரலாற்று மையங்கள் இருக்கின்றன: தெற்கே பாலின்ரோபில் ஒன்று, வடக்கே எனிஸ்கோவில் ஒன்று. அங்கே கட்டணம் உண்டு, ஆனால் ஊரின் மூலை முடுக்கெல்லாம் தெரிந்தவர்கள். கடையில் விற்கும் 'உங்கள் குடும்பச் சின்னம்' தட்டுகளை மட்டும் பரிசாக வாங்கிப் போகாதீர்கள். மரபுச் சின்னம் ஒரு தனி ஆளுக்குக் கொடுக்கப்படுவது, ஒரு பெயர் கொண்ட எல்லாருக்கும் சொந்தமில்லை. விஷயம் தெரிந்தவர்கள் முகம் சுளிப்பார்கள்.

ஒன்றில் கவனம் வேண்டும். யாராவது தன் குடும்பத்தைப் பற்றி மேலே சொல்லாமல் நிறுத்தினால் நீங்களும் நிறுத்திவிடுங்கள். திருமணமாகாத தாய்மாரிடமிருந்து பிரிக்கப்பட்டுத் தத்துக் கொடுக்கப்பட்ட குழந்தைகள் இங்கே ஏராளம். தங்கள் பிறப்புச் சான்றை முழுசாகப் பார்க்கும் உரிமையே அவர்களுக்கு 2022-இல் வந்த சட்டத்தில்தான் கிடைத்தது. கூடலில் மரபணுச் சோதனை முடிவோடு தனியாக ஒருவர் உட்கார்ந்திருந்தால், அவர் பாட்டனைத் தேடி வந்தவராக இல்லாமல் அம்மாவைத் தேடி வந்தவராக இருக்கலாம்.

மற்றபடி பயப்பட ஒன்றுமில்லை. பேச்சு, பாட்டு, பூசை, சாப்பாடு, பழைய கோட்டைக்கும் கல்லறைக்கும் ஒரு நடை. கிளேர் தீவுக்குக் கூட்டிப்போனால் அங்குள்ள பழைய மடத்தில் ஓமாலி கல்லைப் பாருங்கள். நிலத்திலும் நீரிலும் வல்லவர் என்று லத்தீனில் பொறித்திருக்கும். பெரியவர்கள் யாராவது உங்களிடம் "கே லெஷ் ஹூ" என்று கேட்கக்கூடும். ஐரிஷில் 'நீ யார் வீட்டுப் பிள்ளை' என்று அர்த்தம். வேலையையும் விசாவையும் சொல்லாதீர்கள். அப்பா பெயர், தாத்தா பெயர், ஊர்ப்பெயர் சொல்லுங்கள். தாத்தா என்ன வேலை பார்த்தார் என்று அடுத்த கேள்வி வரும், அதையும் அப்பாவிடம் இப்போதே கேட்டு வைத்துக்கொள்ளுங்கள்.

அப்புறம், தீவுக்குப் படகு ரூனா துறையிலிருந்து. கோடை என்று நம்பி மெல்லிய சட்டையோடு ஏறிவிடாதீர்கள், அந்தக் காற்று எலும்பைத் தொடும்.