அந்த 628 யாருடையது?

கேள்வி: 2016-ல் கல்யாண் ஊர்ப் பள்ளி மாணவர் பிரணவ் தனவாடே கிரிக்கெட்டில் ஒரே இன்னிங்ஸில் 1009 ரன் எடுத்தபோது, 'நூறு வருடங்களுக்கு மேல் நின்ற 628 ரன் சாதனை உடைந்தது' என்று பேப்பரில் படித்தேன். அந்த 628-ஐ எடுத்தவர் யார்? அப்படிப்பட்டவர் ஏன் பெரிய ஆட்டக்காரராக வரவில்லை?
- வாசகர், கும்பகோணம்

பதில்: ஏ.ஈ.ஜே. காலின்ஸ். 1885-ல் நம் நாட்டில், ஹஜாரிபாகில் பிறந்தவர். தகப்பனார் இந்திய சிவில் சர்வீஸ்காரர். இங்கிலாந்தில் பிரிஸ்டல் நகரத்துக் கிளிஃப்டன் கல்லூரிப் பள்ளியில் சேர்வதற்குள் தாய் தகப்பன் இருவருமே காலமாகிவிட்டார்கள். 1899 ஜூனில், பள்ளி விடுதிகளுக்கு இடையே நடந்த சிறுவர் ஆட்டத்தில்தான் அந்த 628. அப்போது அவனுக்கு வயது 13. கடைசிவரை அவுட் ஆகவில்லை.

லீக் ஆட்டங்களுக்கு முப்பது வருடம் ஸ்கோர் எழுதியவன் நான். அந்த இன்னிங்ஸின் கணக்கைப் பார்த்தபோது பேனாவை எடுத்துக் கூட்டாமல் இருக்க முடியவில்லை. ஒரு ஆறு, நான்கு ஐந்துகள், 31 நான்குகள், 33 மூன்றுகள், 146 இரண்டுகள், 87 ஒற்றைகள். கூட்டினால் சரியாக 628. அந்த 146-ஐக் கவனியுங்கள். மைதானத்தின் ஒரு பக்கம் எல்லை கிட்டத்திலேயே இருந்ததால், பந்து அங்கே போனால் இரண்டு ரன்தான் கணக்கு. மறுபக்கம் எவ்வளவு தூரம் அடித்தாலும் ஓடித்தான் எடுக்க வேண்டும். 33 முறை மூன்று மூன்றாக ஓடிய அந்தக் கால்களைத்தான் நினைத்துக்கொள்கிறேன். பள்ளி நேரம் போக மிச்சத்தில் கொஞ்சம் கொஞ்சமாக ஆடியதால் இன்னிங்ஸ் நாள் கணக்கில் நீண்டது. களத்தில் நின்ற நேரம் மட்டும் 6 மணி 50 நிமிடம். அணியின் மொத்தம் 836. அதில் கடைசி விக்கெட்டுக்கு மட்டும் 183. பிறகு பந்து வீசி 11 விக்கெட்டும் எடுத்திருக்கிறான். ஸ்கோர் எழுதிய பையனே, இருபது கூடக் குறைய இருக்கலாம் என்று சொன்னதாகச் சொல்வார்கள். அதற்காக நான் அவன்மேல் கோபப்பட மாட்டேன். ஓயாமல் ஓடுகிறவனுக்குக் கணக்கு எழுதுவது எவ்வளவு சிரமம் என்று எனக்குத் தெரியும்.

பெரிய ஆட்டக்காரராக ஏன் வரவில்லை என்றால், அவர் ராணுவத்தைத் தேர்ந்துகொண்டார், அவ்வளவுதான். கிரிக்கெட்டை அவர் பிழைப்பாக வைத்துக்கொள்ளவில்லை. பள்ளி முடிந்ததும் பிரிட்டிஷ் ராணுவத்தின் ராயல் இன்ஜினியர்ஸ் படையில் அதிகாரியானார். அந்தப் படைக்காக லண்டனின் புகழ்பெற்ற லார்ட்ஸ் மைதானத்தில்கூட ஆடியிருக்கிறார். ஆனால் பெரிய அணிகள் மோதும் முதல்தர ஆட்டம் ஒன்றுகூட ஆடியதில்லை.

கேள்வி: அவர் போரில் இறந்தார் என்கிறார்களே, கல்லறை எங்கே இருக்கிறது?
- வாசகி, நாகர்கோவில்

பதில்: கல்லறை இல்லை அம்மா. 1914 வசந்த காலத்தில் கல்யாணம். ஆகஸ்டில் முதல் உலகப் போர். நவம்பர் 11-ஆம் தேதி, பெல்ஜியத்தில் ஈப்ரு நகருக்கு வெளியே ஜெர்மானியர் பெரும் தாக்குதல் நடத்தினார்கள். பதுங்குகுழியின் பக்கவாட்டைக் காக்க இன்னும் ஆட்கள் வேண்டும் என்று சைகை காட்டிக்கொண்டிருந்தபோது குண்டு பட்டது. வயது 29. சரியாக நான்கு வருடம் கழித்து, அதே நவம்பர் 11-ல்தான் போர் நின்றது. அவருடைய தம்பி ஹெர்பர்ட்டும் 1917-ல் அதே போரில் மாண்டார்.

காலின்ஸின் உடல் கிடைக்கவில்லை. ஈப்ரு நகரில் மெனின் வாயில் என்று ஒரு பெரிய வளைவு இருக்கிறது. உடல் கிடைக்காத 54 ஆயிரத்துக்கும் மேற்பட்டவர்களின் பெயர்கள் அதில் பொறித்திருக்கின்றன. நம் இந்தியச் சிப்பாய்களின் பெயர்களும் அங்கே உண்டு. தினமும் இரவு 8 மணிக்கு அந்த வளைவின் கீழே பியூகிள் ஊதுகிறார்கள். இன்ஜினியர்ஸ் படையின் கேப்டன்கள் வரிசையில் அவர் பெயரைத் தேட வேண்டும்.

என் அண்ணன் மகன் வேலை விஷயமாக அடுத்த மாதம் பெல்ஜியம் போகிறான். அந்தப் பெயரைப் படம் எடுத்து வரச் சொல்லியிருக்கிறேன். வந்ததும் இந்தப் பக்கத்திலேயே போடுகிறேன்.